காங்கேசன்துறையில் ஒரு பகல் இறங்கி வன்னிக்குப் போய்வரலாமா?

சென்னையிலிருந்து சொகுசுக் கப்பலில் வருகிறோம், யாழ்ப்பாணத்துக் காங்கேசன்துறையில் ஒரு பகல்தான் நிற்கும், கப்பல்காரர்கள் நடத்தும் சுற்றுலா பஸ்ஸில் போவதா அல்லது வெளியில் வான் பிடித்து வன்னிப் பக்கம் கிளிநொச்சி, முல்லைத்தீவு எல்லாம் பார்த்துவிட்டு வருவதா என்று கேட்டிருக்கிறீர்கள். முல்லைத்தீவை விட்டுவிடுங்கள். கிளிநொச்சிக்குப் போய்வரலாம், ஆனால் போவதற்கு ஒரு காரணம் இருக்க வேண்டும். "வன்னியையும் பார்த்தாச்சு" என்று சொல்வதற்குத்தான் என்றால் பேசாமல் கப்பல்காரர்களின் பஸ்ஸில் ஏறி நல்லூர், கோட்டை, நூலகம், கீரிமலை என்று பார்த்துவிட்டு நேரத்துக்குத் திரும்புங்கள். இதைச் சொல்கிறவன் கிளிநொச்சியில் வாடகை வான் ஓட்டுகிறவன், அதனால் வானுக்கு ஆள் பிடிக்கிறான் என்று யாரும் தொடங்க வேண்டாம். என் பிழைப்பில் மண் போடும் பதில்தான் இது.

கப்பல்காரர்களிடம் காசு கட்டிப் போன பஸ் பிந்தினால் கப்பல் அதற்காகக் காத்து நிற்கும். நீங்களாகப் போய்ப் பிந்தினால் நிற்காது. எந்த நாட்டுத் துறைமுகத்திலும் இதுதான் வழக்கம். கப்பல் புறப்படும் நேரம் வேறு, எல்லோரும் ஏறியிருக்க வேண்டிய நேரம் வேறு. இரண்டாவதுதான் உங்களுக்குக் கணக்கு, அது அரை மணியோ ஒரு மணியோ முன்னால் இருக்கும். இந்தியாவுக்கும் எங்களுக்கும் ஒரே நேரம் என்பதால் மணிக்கூட்டில் குழப்பம் வராது, அது ஒன்றுதான் ஆறுதல். தவறவிட்டால் என்ன, பக்கத்தில் பலாலி விமான நிலையம் இருக்கிறது, சென்னைக்குப் பறந்துவிடலாம் என்று ஒரு பயணி எனக்கே விளக்கம் சொன்னார். விமானம் இருக்கிறதுதான். பாஸ்போர்ட் கப்பலில் இருந்தால் எதைக் காட்டிப் பறப்பது? இறங்கும்போது பாஸ்போர்ட் கையில் தருவார்களா, கப்பல் அட்டையோடு அனுப்புவார்களா என்று முதல் நாளே கேட்டுக்கொள்ளுங்கள்.

இன்னொன்று, கப்பல் விடியக் கட்டினாலும் நீங்கள் விடிய வெளியே வரமாட்டீர்கள். குடிவரவு வரிசை இருக்கிறது, சுற்றுலா பஸ்ஸில் போகிறவர்களை முதலில் விடுவார்கள், தனியாகப் போகிறவர்கள் அதற்குப் பிறகு.

2023 ஜூன் 16-ஆம் தேதி இந்தச் சென்னைச் சொகுசுக் கப்பல் முதன்முதலாகக் காங்கேசன்துறைக்கு வந்தது. அது வந்து போகத் தொடங்கிய காலத்தில்தான், யாழ்ப்பாணத்தில் ஓட்டம் பிடித்துக் கொடுக்கும் ஒருவர் எனக்குத் தொலைபேசி எடுத்தார். சென்னைக் குடும்பம், நாலு பேர், கிளிநொச்சிக்குப் போக வேண்டுமாம், இடம் தெரிந்தவனாகக் கேட்கிறார்கள் என்றார். நான் ஏழு மணிக்கே போய் நின்றேன். எங்கள் வான்களை உள்ளே விடவில்லை, வெளியில் வெயிலில்தான் நின்றோம். அவர்கள் வெளியே வர பத்து மணி தாண்டிவிட்டது. எழுபது வயது மதிக்கத்தக்க ஒரு அம்மா, மகன், மருமகள், பதினைந்து பதினாறு வயதில் பேரன்.

மகன் கையில் ஒரு பட்டியல். ஆனையிறவு, கிளிநொச்சியில் யுத்தத்தில் விழுந்து கிடக்கும் தண்ணீர்த் தாங்கி, முள்ளிவாய்க்கால், வரும் வழியில் நல்லூர், முடிந்தால் யாழ்ப்பாணத்தில் மதியச் சாப்பாடு. ஐந்து மணிக்குக் கப்பலில் ஏற வேண்டும். நான் சொன்னேன், ஐயா, இங்கிருந்து கிளிநொச்சிக்கே 80 கிலோமீற்றர் வரும், யாழ்ப்பாண நகருக்குள் போகாமல் தெல்லிப்பழை, புன்னாலைக்கட்டுவன், புத்தூர் என்று போய் மீசாலையில் ஏ9 கண்டி வீதியில் ஏறினாலும் ஒன்றே முக்கால் மணித்தியாலம், அங்கிருந்து முள்ளிவாய்க்கால் இன்னும் ஒரு மணித்தியாலத்துக்கு மேல். அவர் போனில் வரைபடத்தைக் காட்டி "இவ்வளவு கிட்டத்தானே" என்றார். வரைபடத்தில் மாடு படுத்திருப்பது தெரியாது என்று சொல்ல வாய் வந்தது, சொல்லவில்லை.

அப்போதுதான் அந்த அம்மா பின்சீட்டிலிருந்து, "தம்பி, மலையாளபுரம் தெரியுமா?" என்று கேட்டார். தெரியாமலா, என் ஊரிலிருந்து கூப்பிடு தூரம். அங்கே அவருடைய அக்கா இருக்கிறாராம். மகன் குறுக்கே, "டைம் இருந்தா அதையும் பாப்போம்மா" என்றார். அதற்கு அந்த அம்மா சொன்னதை அப்படியே எழுதுகிறேன்: "நான் கப்பல் பாக்கவா வந்தேன்? எனக்கு எங்கக்காவப் பாத்தாப் போதும். நீங்க வேணும்னா அந்த பஸ்ஸுல ஏறிக்கங்க." வானுக்குள் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பட்டியல் மடிந்து சட்டைப் பைக்குள் போனது.

கதை என்னவென்றால், இவர்கள் மலையகத்தில் அட்டன் பக்கம் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவர்கள். 1964-இல் இலங்கையும் இந்தியாவும் போட்ட சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் இந்திய வம்சாவளித் தமிழர் ஐந்து லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை இந்தியாவுக்கு அனுப்புவதென்று முடிவானது அல்லவா, அதில் எழுபதுகளில் இவருடைய குடும்பம் தலைமன்னாரில் கப்பல் ஏறி இராமேஸ்வரத்தில் இறங்கியது. அக்கா அதற்கு முன்னமே கலியாணம் கட்டி வேறு குடும்பத்துக்குப் போய்விட்டதால் இங்கேயே நின்றுவிட்டார். 1977-இல் தமிழருக்கு எதிராக நடந்த கலவரத்துக்குப் பிறகு அவர்கள் மலையகத்தை விட்டு வன்னிக்கு வந்து காடு வெட்டிக் குடியேறினார்கள். மலையாளபுரம், பாரதிபுரம், கிருஷ்ணபுரம், தருமபுரம் என்று கிளிநொச்சியைச் சுற்றி இப்படி வந்து குடியேறியவர்கள் நிறைய. யுத்தத்தில் எல்லோரோடும் சேர்ந்து இடம்பெயர்ந்து, எல்லோரோடும் சேர்ந்து செத்து, மிச்சம் பேர் திரும்பி வந்தார்கள். இருந்தும் எங்கள் ஆட்களில் சிலர் காணிப் பேச்சு, கலியாணப் பேச்சு என்று வந்தால் "அவையள் தோட்டக்காட்டார்" என்று இன்றைக்கும் சொல்வார்கள். இதை எழுதினால் என் ஊர்க்காரரே எனக்கு ஏசுவார்கள் என்று தெரியும், ஏசட்டும். வன்னியின் கதை என்று வழிகாட்டிகள் ஒப்புவிப்பதில் இவர்கள் ஒரு வரியிலும் வருவதில்லை.

முகமாலையில் பேரனுக்கு ஒதுங்க வேண்டும் என்றார்கள். அங்கே மட்டும் கண்ட இடத்தில் இறங்காதீர்கள். கண்ணிவெடி எடுக்கும் வேலை வருடக்கணக்கில் நடந்த இடம், சிவப்பு மண்டையோட்டுப் பலகை கண்டால் அதற்கு அப்பால் ஒரு அடி வைக்கக் கூடாது. பளையில் ஒரு கடையில் நிறுத்திக் கொடுத்தேன். ஆனையிறவில் கொஞ்ச நேரம் நின்றோம். ஆனி மாதச் சோளகக் காற்று அங்கே ஆளைத் தள்ளும், இரண்டு பக்கமும் கடல்நீர், மறைக்க ஒரு மரமில்லை. பேரன் படம் எடுக்கத் திரும்பினான், தலையில் இருந்த தொப்பி பறந்து தண்ணீரில் விழுந்தது, அவன் அதையும் படம் எடுத்தான். நல்ல பெடியன். தண்ணீர்த் தாங்கியை ஓடும் வானிலிருந்தே காட்டினேன். அதைப் பார்க்க வேண்டாம் என்று நான் யாருக்கும் சொல்வதில்லை. ஆனால் அதற்கு முன்னால் நின்று விரல் காட்டிச் சிரித்துப் படம் எடுக்கிறவர்களை நிறையப் பார்த்துவிட்டேன்.

அக்கா வீடு வீட்டுத்திட்டத்தில் கட்டியது, முன்பக்கம் மட்டும் பூசி வெள்ளை அடித்திருந்தார்கள், பக்கச் சுவரில் கல் தெரிந்தது. இரண்டு பேரும் வாட்ஸப்பில் பேசுகிறவர்கள்தான், ஆனால் இரண்டு பேருக்கும் போனைப் பிடிக்கத் தெரியாததால் இத்தனை நாளும் ஒருவர் நெற்றியை மற்றவர் பார்த்துக்கொண்டிருந்ததாகப் பேரன் சொன்னான். கட்டிப்பிடித்து அழுவார்கள் என்று நான் கொஞ்சம் தள்ளி நின்றேன். அக்கா படியில் நின்றபடியே, "ஏன்டி முடிய இப்புடி வெட்டிப்புட்ட?" என்று ஏசத் தொடங்கினார். தங்கச்சியும் விடவில்லை, பல்லைக் கட்டக் காசு அனுப்பினேனே, எங்கே என்று கேட்டார். பிறகு இரண்டு பேரும் உள்ளே போய்விட்டார்கள், எங்களை இருக்கச் சொல்லக்கூட மறந்துபோனார்கள்.

கொஞ்சத்தில் கோதுமை மா ரொட்டியும் அம்மியில் அரைத்த கட்டைச் சம்பலும் வந்தது. மருமகள், "சுகர் இருக்கு அத்தை, ஒண்ணு போதும்" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். அந்த அம்மா கேட்டதாகத் தெரியவில்லை. ரொட்டியைப் பிய்த்துச் சம்பலில் தோய்த்துச் சாயத்தண்ணியோடு சாப்பிட்டவிதத்தைப் பார்த்தால் சென்னைக்காரி என்று யாரும் சொல்லமாட்டார்கள். எனக்கும் தந்தார்கள், உறைப்பில் கண்ணீர் வந்துவிட்டது. பின்னேரம் ஐந்து மணிக்கு வாசலில் நிற்பதென்றால் இங்கிருந்து இரண்டரைக்கு வெளிக்கிட வேண்டும் என்று முதலே சொல்லியிருந்தேன். இரண்டேகாலுக்கு வானை ஸ்டார்ட் செய்து விட்டேன், வயதானவர்களைக் கையைப் பிடித்து இழுக்க முடியாது, எஞ்சின் சத்தம்தான் மரியாதையான வழி.

நேரத்துக்குக் கொண்டுபோய் விட்டேன். அக்கா கட்டிக் கொடுத்த சம்பலையும் ஒரு பை பச்சைக் கச்சானையும் (நிலக்கடலை) கப்பலுக்குள் விடமாட்டார்கள் என்றதால் என்னிடமே தந்துவிட்டுப் போனார்கள். வெளியில் வாங்கும் சமைத்த சாப்பாடு, பழம், காய்கறி எதையும் கப்பலில் ஏற்ற நினைக்காதீர்கள்.

இவ்வளவுக்கும் பிறகு மகன், ஓட்டம் பிடித்துக் கொடுத்தவரிடம் முறைப்பாடு சொல்லியிருக்கிறார். வான் பழசாம், ஏசி காணாதாம், ஒரு இடமும் காட்டவில்லையாம். கடைசிக் குற்றச்சாட்டுக்கு நான் பதில் சொல்லத் தேவையில்லை. வான் பழசுதான், தொண்ணூறுகளில் ஜப்பானில் செய்த டொயோட்டா, இங்கே டொல்பின் என்போம். ஏன் பழசு என்று இந்தியாவிலிருந்து வருகிறவர்களுக்கு விளங்குவதில்லை. 2020 மார்ச்சில் வாகன இறக்குமதியை நிறுத்தினார்கள், 2025 தொடக்கத்தில்தான் தனியார் வாகனங்களுக்குத் திறந்தார்கள். இடையில் என் வயதில் பாதி இருக்கும் வானுக்குச் சொன்ன விலையில் ஒரு வீடு கட்டலாம். 2022-இல் டீசலுக்கு வரிசையில் வானுக்குள்ளேயே படுத்து எழும்பினோம். திறந்துவிட்டார்களே, வாங்கேன் என்பவர்கள் அந்த வரியையும் ஒருமுறை பார்த்துவிட்டு வந்து பேசட்டும். ஏசி காணாது என்றால் கண்ணாடியைத் திறங்கள், ஏ9 காற்றுக்கு ஒரு ஏசியும் கிட்ட வராது. சரி, கேள்விக்கு வருகிறேன்.

தனியாக வான் பிடிப்பதென்றால் விலையை ஏறுவதற்கு முன் பேசுங்கள், காத்திருக்கும் நேரத்துக்கும் சேர்த்தா என்று கேளுங்கள். என்னைப்போல ஓட்டுகிறவனை வழிகாட்டி என்று நினைத்துக்கொள்ளாதீர்கள், வழிகாட்டிகளுக்குச் சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபை கொடுக்கும் அனுமதி அட்டை இருக்கும், சரித்திரம் கேட்பதென்றால் அட்டையைப் பார்த்துக் கேளுங்கள். நல்லூரில் ஆண்கள் சட்டையைக் கழற்ற வேண்டும், மத்தியானத்தில் நடை சாத்துவார்கள், அதனால் காலையிலேயே அங்கே போகும் பஸ்ஸாகப் பாருங்கள். வன்னி பாதுகாப்பா என்று கடைசியில் ஒரு கேள்வி போட்டிருக்கிறீர்கள், நாங்கள் பிள்ளைகளோடு இங்கேதான் இருக்கிறோம்.

உண்மையாகவே வன்னி பார்க்க ஆசை என்றால் சொகுசுக் கப்பலை விட்டுவிட்டு நாகபட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக்கு வரும் பயணிகள் கப்பலில் வாருங்கள். 2023 ஒக்டோபரில் தொடங்கி, இடையில் நின்று, 2024 ஓகஸ்டில் திரும்ப ஓடத் தொடங்கியது, சுமார் நாலு மணித்தியாலப் பயணம். ஐப்பசி முதல் மார்கழி வரை வேண்டாம், கடலும் குழம்பும், எங்கள் வீதிகளிலும் வெள்ளம் நிற்கும். வந்து நாலைந்து நாள் நின்றால் இரணைமடுக் குளக்கட்டு, வற்றாப்பளை அம்மன் கோயில், மடுத் தேவாலயம், மன்னாரில் பெருக்க மரம் (பாவோபாப்) எல்லாம் ஆறுதலாகப் பார்க்கலாம். முறிகண்டிப் பிள்ளையாரடியில் எந்த வாகனமும் நிற்கும், கற்பூரம் கொளுத்திவிட்டுக் கச்சான் வாங்குங்கள், கையில் எடுத்துப் பார்த்துச் சூடாக இருந்தால் மட்டும்.