வாசகர் கேள்வி – பதில்: திருகோணமலைக் கடற்படைத் தளம்

கேள்வி: திருகோணமலையில் பிரித்தானியர் வைத்திருந்த கரைத்தளத்துக்கு 'எச்.எம்.எஸ். ஹைஃபிளையர்' என்று கப்பல் பெயர் ஏன்?

பதில்: கடற்படை ஒழுக்கச் சட்டம் ஒரு கப்பலின் பதிவேட்டில் உள்ளவர்களையே கட்டுப்படுத்தியது. அதனால் கரையில் பணிபுரிந்தவர்களுக்கும் பெயரளவில் ஒரு கப்பல் தேவைப்பட்டது. முகாம்தான் அந்தக் கப்பல்.

கேள்வி: திருகோணமலைச் சீனன்குடாவில் எண்ணெய்த் தாங்கிகள் 101 என்கிறார்கள், 99 என்றும் சொல்கிறார்கள். எது சரி?

பதில்: இரண்டும் சரி. கட்டியவை 101. உருக்குத் தகடுகளால் ஆனவை. ஒவ்வொன்றும் சுமார் 12,000 கன மீட்டர் கொள்ளும். 1942 ஏப்ரல் 9 அன்று ஜப்பானியத் தாக்குதலில் ஒன்று அழிந்தது. இன்னொன்று பின்னாளில் விபத்தில் போனது. எஞ்சிய 99இல் 61ஐ இலங்கை, இந்தியக் கூட்டு முயற்சிக்கு ஒதுக்க 2022 ஜனவரியில் ஒப்பந்தமாயிற்று. பல்லாண்டு காட்டுக்குள் கிடந்தவற்றில் எண்ணெய் ஏற்றுமுன் துரு அகற்றி, தகட்டின் கனத்தை இடம்விட்டு இடம் அளக்க வேண்டும். அடித்தகட்டை விட்டுவிடவே கூடாது. ஈரமண் மேல் இருப்பதால் அது கீழ்ப்பக்கமாக அரிக்கும். வெளியே பார்த்தால் தெரியாது.

கேள்வி: பிரித்தானியப் போர்க்கப்பல் 'ஹெர்மெஸ்' திருகோணமலைத் துறைமுகத்திலா மூழ்கியது?

பதில்: இல்லை. அதே ஜப்பானியத் தாக்குதல் வருமென அறிந்து முந்திய இரவே வெளியேறிய கப்பல், மட்டக்களப்புக்கு அப்பால் குண்டுவீச்சில் மூழ்கியது. விமானந்தாங்கிக் கப்பலாக இருந்தும் அதில் போர் விமானங்கள் இருக்கவில்லை, அதுதான் பெருங்கொடுமை. சிதைவு 50 மீட்டருக்கும் ஆழத்தில் கிடக்கிறது. பொழுதுபோக்குச் சுழியோட்டத்தின் எல்லை 40 மீட்டர். ஆகவே ஆழ்கடற் பயிற்சியும், மேலேறும்போது நின்று நின்று வரும் ஒழுங்கும் இல்லாமல் அங்கே இறங்கவேண்டாம்.

கேள்வி: தளம் எப்போது கைமாறியது?

பதில்: 1957 அக்டோபரில், பண்டாரநாயக்க அரசு காலத்தில். இன்றும் அது இலங்கைக் கடற்படையிடமே இருக்கிறது.