மொட்டு எங்கே உட்காருது? – தோட்டம் கேள்வி பதில்

கனடாவில் ஸ்கார்பரோவில் இருக்கும் என் மகள் வீட்டு வாசலில் கிராப் ஆப்பிள் (சின்னப் புளிப்புக் காய் காய்க்கும் ஆப்பிள் வகை) மரம் ஒன்று நிற்கிறது. முதல் தடவை போனபோது மே மாதம் மரம் முழுக்க ரோஸ் நிறப் பூ. இப்போது இரண்டு வருஷமாகப் பேருக்குத்தான் பூக்கிறது. மாப்பிள்ளை ஒவ்வொரு அக்டோபரிலும் தலையை மட்டமாக வெட்டிவிடுகிறார். வரும் மார்ச்சில் போகிறேன். என்ன செய்யலாம்?
– வாசகி, பெரம்பூர்

முதல் வேலையா மாப்பிள்ளை கையில இருந்து கத்தரியை வாங்கி உள்ளே வைங்கம்மா. அந்த மரத்துல அடுத்த மே மாசம் பூக்க வேண்டிய மொட்டு முந்தின கோடையிலேயே உருவாகிடும். அக்டோபர்ல வெட்டினா பூவைத்தான் வெட்டுறார்.

மரத்துக்கிட்ட போய்ப் பாருங்க. பழைய கிளையில விரல் நீளம்கூட இல்லாத குட்டைக் கிளைகள் இருக்கும். மெட்டி போட்ட விரல் மாதிரி வளையம் வளையமா சுருக்கம் விழுந்து, நுனியில தடிச்ச மொட்டோட நிற்கும். பூ பெரும்பாலும் அதுலதான். அதைத் தொடாதீங்க. இலை மொட்டு ஒல்லியா கிளையோட ஒட்டிக்கிட்டு இருக்கும், பார்த்தாலே வித்தியாசம் தெரியும்.

தலையை வெட்டின இடத்துல குச்சி குச்சியா நேரா மேலே பாய்ஞ்சிருக்குமே, அது நீர்ப்போத்து. சத்தை இழுத்துக்கும், பூவுக்கு உதவாது. அடியோட எடுக்கணும். ஆனா மொத்தத்தையும் ஒரே நாள்ல எடுத்தா மரம் அதைவிட வேகமா புதுப் போத்து தள்ளும். ஒரு வருஷத்துல கால்வாசிக்கு மேல குறைக்காம, இரண்டு மூணு வருஷத்துல சரிபண்ணுங்க.

மார்ச்லயும் மொட்டு மரத்துல இருக்கும், ஆனா குட்டைக் கிளையைத் தொடாம பார்த்துப் பொறுக்கி வெட்ட மார்ச் கடைசி நல்ல நேரம்தான். அங்கே மொட்டு விரியறதுக்கு முன்னாடி, இலையில்லாம மரத்தோட அமைப்பு அப்படியே தெரியும். காய்ஞ்சது, ஒண்ணோட ஒண்ணு உரசுறது, ஒட்டுக்குக் கீழே கிளம்பினது, இதெல்லாம் முதல்ல போகணும். ஒட்டுக் கட்டின இடத்துக்குக் கீழே வர்றது, ஒட்டுக்கு அடியில வேரா வச்ச வேற ஆப்பிள் செடியோட துளிர், விட்டா அதுதான் மரத்தை ஆளும். கிளை தண்டோட சேர்ற இடத்துல ஒரு சின்ன புடைப்பு இருக்கும். அதை விட்டுட்டு, அதை ஒட்டி வெளிப்பக்கம் வெட்டுங்க. காயத்துக்கு பெயின்ட் வேண்டாம், மரம் தானே மூடிக்கும். கிளை நுனி கொக்கி மாதிரி வளைஞ்சு, இலை கருகித் தொங்கினா அது பாக்டீரியா நோய். நோய் தெரியற இடத்துக்கு 20 முதல் 30 சென்டிமீட்டர் கீழே வெட்டி, ஒவ்வொரு வெட்டுக்கும் கத்தரியை 70 சதவீத ஆல்கஹாலில் துடைக்கணும்.

இன்னொண்ணு. சில ரகம் ஒரு வருஷம் கொட்டிப் பூத்தா மறு வருஷம் ஓய்வெடுக்கும். அதனால எல்லாப் பழியையும் மாப்பிள்ளை தலையில போடாதீங்க.

அதே மரத்தின் கிளையை ஈரத்துணியில் சுற்றி எடுத்துவந்து எங்கள் மாடியில் வளர்க்க முடியுமா? வெயிலில் காய்க்கும் ஆப்பிள்கூட வந்துவிட்டதாமே?
– வாசகர், காசிமேடு

எடுத்துட்டு வராதீங்க தம்பி. 2003-ம் வருஷத்து தாவரத் தனிமைப்படுத்தல் ஆணை இருக்கு. இறக்குமதி அனுமதியும், அந்த நாட்டு தாவர நலச் சான்றும் வேணும். பெட்டிக்குள்ள கிளையோட நோயும் பூச்சியும் சேர்ந்து வரும்ங்கிறதுக்குத்தான் அந்தச் சட்டம்.

அப்படியே வந்து துளிர்த்தாலும் பூக்காது. ரகத்தைப் பொறுத்து 7 டிகிரிக்குக் கீழே சில நூறுல இருந்து ஆயிரம் மணி நேரம் வரைக்கும் குளிர் பட்டாத்தான் மொட்டு ஒழுங்கா விழிக்கும். நமக்கு ஜனவரி ராத்திரியே 20 டிகிரி சுமார். தொட்டியில ஐஸ் போடலாமான்னு கேட்பாங்க. குளிர் வேண்டியது கிளைக்கு. மீன் ஏலக்கூடத்து ஐஸ் மொத்தத்தையும் வேர்ல கொட்டினாலும் பிரயோஜனமில்லை.

வெயில் ஆப்பிள்னு நீங்க சொல்றது எச்.ஆர்.எம்.என்.-99. ஹிமாச்சல் பிலாஸ்பூர்ல ஹரிமன் சர்மா உருவாக்கினது, 2025-ல பத்மஸ்ரீ வாங்கினார். அது தின்கிற ஆப்பிள். அதைக் காட்டி கிராப் ஆப்பிளும் வரும்னு எவனாவது கன்று விற்றா பணத்தை எடுக்காதீங்க.

உங்க மாடிக்கு காகிதப்பூ போதும். உப்புக் காத்து தாங்கும். இதுல மொட்டு புதுத் துளிர்லதான் உட்காரும், அதனால கிராப் ஆப்பிளுக்கு நேர் எதிர்: ஒரு சுற்று பூ முடிஞ்சதும் தைரியமா வெட்டலாம். வெட்டி, துளிர் வந்ததும் தண்ணியைக் குறைங்க. தினம் தண்ணி ஊத்தினா இலையா வளரும்.

வாசலில் அந்த மாதிரி ரோஸ் பூ மரம் வேண்டும். பத்தடி இடம் இருக்கிறது.
– வாசகி, வியாசர்பாடி

ரோஸ் பூ பூக்கிற கொன்றை ஒண்ணு இருக்கு. காசியா ஜாவானிகான்னு நர்சரியில கேளுங்க. கோடையில கிளை நெடுக பூக்கும், சிலர் அதை ஆப்பிள் பூ மரம்னே கூப்பிடுறாங்க. ஆனா பெரிய மரம். பத்தடியில வச்சா மின்கம்பியில இடிக்கும், அப்புறம் மரம் வெட்டுற ஆள் வந்து பாதியைக் கொண்டுபோவார். உங்க இடத்துக்குத் தொட்டியில அடீனியம் (பாலைவன ரோஜான்னு சொல்ற குட்டைச் செடி) வைங்க.

கிராப் ஆப்பிள் காயில் ஊறுகாய் போடலாமா?
– வாசகி, கொருக்குப்பேட்டை

தாராளமா. கிராப் ஆப்பிள் 5 சென்டிமீட்டருக்குச் சின்னது, புளிப்பு தூக்கலா இருக்கும். ஜெல்லி கட்டுற பெக்டின் நிறைய இருக்கிறதால அங்கே ஜெல்லிதான் அதிகம் காய்ச்சுவாங்க. ஊறுகாய்க்கு நறுக்கும்போது நடுவுல இருக்கிற விதையை எடுத்துப் போட்டுடுங்க, மென்னு தின்கக் கூடாது. மருந்து தெளிச்ச மரமான்னும் கேட்டுக்குங்க.