ராஜா வச்சதுதான் சட்டம்

கேள்வி: பிரான்ஸ்ல ராஜா வச்சதுதான் சட்டம்னு இருந்துச்சே, அவ்ளோ பவர் எப்படி வந்துச்சு, எப்படிப் போச்சு? (வாசகி, திருச்சி)

பதில்: பதினாலாம் லூயி பத்து வயசுப் பையனா இருந்தப்ப கலகம் வெடிச்சு ராத்திரியோட ராத்திரியா பாரிஸை விட்டே ஓட வேண்டியதாப் போச்சு, அந்த பயம் அவருக்குக் கடைசி வரைக்கும் போகலைனுதான் நினைக்கிறேன். 1661ல பிரதம மந்திரியா இருந்த மஸாரின் செத்ததும் இனி பிரதம மந்திரியே வேணாம், நானே பாத்துக்கறேன்னுட்டார். மாகாணத்துக்கெல்லாம் தன் அதிகாரிங்களை வச்சே கணக்கு கேட்டார், 1682ல தர்பாரை பாரிஸுக்கு வெளிய இருக்கற வெர்சாய் அரண்மனைக்கு மாத்தி பெரிய பெரிய பிரபுக்களையும் அங்கயே கட்டிப்போட்டுட்டார். காலைல ராஜா எந்திரிச்சதும் சட்டையை எடுத்துக் குடுக்கறதே பெரிய கௌரவம், ஒரு காலத்துல படை வச்சு மிரட்டின குடும்பங்க அதுக்குப் போட்டி போட்டு நின்னுச்சு, எனக்கு இதுதான் அவரோட பெரிய வெற்றியாத் தெரியுது.

ஆனா கஜானா? சண்டைக்கு மேல சண்டை, முக்கியமான வரியிலருந்து பிரபுக்களுக்கும் சர்ச்சுக்கும் விலக்கு, பாரம் பூரா விவசாயி தலையில. இது பெரிய அநியாயம்ங்க. பின்னாடி பதினாறாம் லூயி காலத்துல அமெரிக்க விடுதலைப் போருக்கு உதவினதுல கடன் இன்னும் ஏறிடுச்சு, 1788ல ஆலங்கட்டி மழையில பயிர் போய் ரொட்டி விலை எகிறுச்சு, வேற வழியில்லாம பதினாறாம் லூயி, சர்ச், பிரபுக்கள், சாதாரண ஜனங்கன்னு மூணு தரப்புப் பிரதிநிதிங்களும் உக்காரற, 1614க்கு அப்புறம் கூட்டவே கூட்டாத சபையை 1789ல கூட்டினார். அங்க வந்த சாதாரண ஜனங்களோட பிரதிநிதிங்க நாங்கதான் தேசிய சபைன்னு அறிவிச்சுட்டாங்க, 1792ல முடியாட்சியே போச்சு.