அமெரிக்க நடிகர் ஹாரி டீன் ஸ்டான்டன்: உங்கள் கேள்விகளுக்குப் பதில்கள்

கேள்வி: ‘ஏலியன்’ படத்தில் பூனையைத் தேடிப் போய்ச் சாகிறவர் இவர்தானா?

இவரேதான். 1979-ல் வந்த படம். அதில் மெக்கானிக் வேடம். வசனம் அதிகம் இல்லை. ஆனாலும் அந்த விண்கலத்தில் போனஸுக்காக முணுமுணுக்கிற சாதாரண வேலையாட்கள் இருக்கிறார்கள் என்று நம்மை நம்ப வைத்தவர்களில் இவரும் ஒருவர்.

கேள்வி: நாயகன் வேடம் கிடைக்க ஏன் அவ்வளவு காலம் ஆனது?

முகம்தான் காரணம் என்று நினைக்கிறேன். ஒட்டிய கன்னம், தூக்கம் கெட்ட கண். 1926-ல் கென்டக்கியில் பிறந்தார். உலகப்போரில் ஒகினாவா பக்கம் கடற்படைக் கப்பலில் சமையல்காரர். 50-களில் நடிக்க வந்தபோது டிவி கௌபாய் தொடர்களில் திருடன், அடியாள் வேடங்கள்தான் கிடைத்தன. அவர் நாயகனாக நடித்த ‘பாரிஸ், டெக்சாஸ்’ 1984-ல் கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப் பனையை வாங்கியபோது அவருக்கு வயது 57.

கேள்வி: நடிக்காத மாதிரியே நடிக்கிறாரே, எங்கே கற்றார்?

நண்பரும் நடிகருமான ஜாக் நிக்கல்சன், தான் எழுதிய ஒரு சின்ன பட்ஜெட் கௌபாய் படத்தில் இவருக்குக் கொள்ளையன் வேடம் கொடுத்தார். ‘நீ எதுவும் செய்யாதே, நடிப்பை உடுப்பு பார்த்துக்கொள்ளும்’ என்ற பொருளில் ஒரு யோசனையும் சொன்னார். அதை ஸ்டான்டன் கடைசிவரை விடவில்லை.

‘பாரிஸ், டெக்சாஸ்’ கண்ணாடி அறைக் காட்சியைப் பாருங்கள். அவருக்கு மனைவி தெரிவாள், அவளுக்கு இவர் தெரியமாட்டார். அப்படியிருந்தும் நாற்காலியைத் திருப்பிப் போட்டு, முதுகைக் காட்டி உட்கார்ந்துதான் தங்கள் கதையைச் சொல்கிறார். குரல் உயராது. எத்தனை முறை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கும்.

கேள்வி: அப்புறம் ஏன் மறுபடி சின்ன வேடங்கள்?

சின்ன வேடம் என்று ஒதுக்காதீர்கள். 1999-ல் வந்த ‘தி ஸ்ட்ரெய்ட் ஸ்டோரி’யில் ஒரு முதியவர் புல்வெட்டும் டிராக்டரிலேயே மாநிலம் தாண்டி அண்ணனைப் பார்க்கப் போவார். படம் முழுக்க நாம் காத்திருப்பது அந்த அண்ணனுக்காகத்தான். அந்த அண்ணனாகக் கடைசிச் சில நிமிடம் மட்டும் வந்து அந்தப் பாரத்தைத் தாங்க ஸ்டான்டனை விட்டால் வேறு யாரைப் போட முடியும்?

கேள்வி: எந்தப் படத்தில் தொடங்கலாம்?

‘லக்கி’. இயக்கிய ஜான் கரோல் லிஞ்சும் குணச்சித்திர நடிகர்தான். 2017 செப்டம்பர் 15-ல், 91 வயதில் ஸ்டான்டன் இறந்தார். இரண்டு வாரம் கழித்துப் படம் அமெரிக்கத் திரையரங்குக்கு வந்தது. படத்தில் ஒரு பையனின் பிறந்தநாள் விருந்தில் ஸ்டான்டன் திடீரென்று ஸ்பானிஷ் பாட்டு ஒன்றைப் பாடத் தொடங்குவார். அந்த இடத்தில் அவர் முகத்தை மட்டும் கவனியுங்கள்.