ரோமானியச் சாலைகள்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: ரோமானியர் போட்ட சாலை 2,000 வருடமாக அப்படியே இருக்கிறது. எங்கள் தெருவில் போன வருடம் போட்ட சாலை ஒரு மழைக்கே பெயர்ந்துவிட்டது. அவர்களிடம் அப்படி என்ன ரகசியம் இருந்தது?

பதில்: இந்த ஒப்பீட்டை யாராவது அடிக்கடி எனக்கு அனுப்பிவிடுகிறார்கள். கூடவே வரும் படத்தில் இருப்பது அநேகமாக ரோம் நகருக்கு வெளியே உள்ள ஆப்பியா சாலை. 19ஆம் நூற்றாண்டில் தோண்டியெடுத்துச் சீரமைத்த பகுதி அது. பல இடங்களில் கற்களை எடுத்து மறுபடியும் பாவியிருக்கிறார்கள். மற்ற ரோமானியச் சாலைகளில் பெரும்பகுதி வயலுக்கு அடியிலோ இன்றைய தார்ச்சாலைக்கு அடியிலோ கிடக்கிறது, இல்லாவிட்டால் தடமே இல்லை. தப்பிப் பிழைத்ததை மட்டும் பார்த்து மதிப்பெண் போட்டால், பழைய காலத்துப் பொறியாளர் எல்லோரும் மேதைகள்தான்.

அப்புறம், பாரம். அரசுப் போக்குவரத்தில் ஓடிய மிகக் கனமான மாட்டு வண்டியிலும் 1,500 ரோமானிய ராத்தலுக்கு மேல் ஏற்றக் கூடாது என்று 4ஆம் நூற்றாண்டுச் சட்டம் சொல்கிறது. நம் கணக்கில் அது அரை டன்கூட இல்லை. இன்று சரக்கு லாரியின் பின் அச்சு ஒன்றே 10 டன் அளவுக்கு அழுத்துகிறது. அப்படிப்பட்ட லாரிகளை ஆப்பியா சாலையில் ஒரு மழைக்காலம் ஓடவிட்டால் தெரியும் சேதி.

அவர்கள் சாலையும் பழுதானதுதான். நாள்பட்டுச் சிதைந்த சாலையை இந்தப் பேரரசர் செப்பனிட்டார் என்று பெருமை பேசும் மைல்கற்கள் ஏராளமாகக் கிடைத்திருக்கின்றன. முதல் பேரரசர் அகஸ்டஸ் காலத்திலிருந்து இத்தாலியின் முக்கியச் சாலைகளைக் கவனிக்கத் தனி அதிகாரிகள் இருந்தார்கள். தண்ணீர் வடிய நடுவில் மேடு, பல இடங்களில் பக்கவாட்டில் வாய்க்கால், பழுதானால் மராமத்து. உங்கள் தெருவில் இந்த மூன்றில் எது இருக்கிறது என்று பாருங்கள்.

கேள்வி: நெடுஞ்சாலைப் பொறியியல் பாடத்தில் ரோமானியச் சாலை, பிறகு சாலைப் பொறியாளர்கள் டிரெசகே, மெக்காடம் ஆகியோரின் முறைகள் என்று வரிசையாகப் படித்தோம். ரோமானியச் சாலைக்கு நான்கு அடுக்கு உண்டு என்று படம் போட்டிருந்தது. எல்லாச் சாலையும் அப்படியா?

பதில்: இல்லை. அந்தப் படத்தின் பூர்வீகமே வேறு. கட்டடக் கலைஞர் விட்ருவியஸ் தன் நூலின் 7ஆம் பகுதியில் வீட்டுத் தரை போடும் முறையை அடுக்கடுக்காக விவரிக்கிறார். 1622இல், பிரான்சின் ரீம்ஸ் நகரத்து வழக்கறிஞர் நிக்கோலா பெர்ஜியே, ரோமானியப் பெருவழிகளைப் பற்றிப் பெரிய நூல் ஒன்றை வெளியிட்டார். சாலைக்கும் இதே முறைதான் இருந்திருக்கும் என்று எடுத்துக்கொண்டு, தரையின் அடுக்குப் பெயர்களைச் சாலைக்குச் சூட்டிவிட்டார். அது பாடப் புத்தகங்களில் குடியேறி 400 வருடமாகிறது, கிளப்ப முடியவில்லை.

தோண்டிப் பார்த்தால் இடத்துக்கு ஒரு விதம். சதுப்பு நிலத்தில் மரக்கட்டைகளும் சுள்ளிக்கட்டுகளும் கீழே இருக்கும். பாறை இருந்தால் பாறையே சாலை. மேற்பரப்பும் பெரும்பாலும் சரளைதான். பெரிய கல் பாவுவது நகரங்களிலும் ரோமுக்கு அருகிலும் கண்ட காட்சி. ஆப்பியா சாலையே கி.மு. 312இல் தொடங்கியபோது கல் பாவியதாக இல்லை. நகர வாசலிலிருந்து போர்க்கடவுள் மார்ஸின் கோயில் வரையிலான சிறு தூரத்துக்கே கி.மு. 296 வாக்கில்தான் கல் போட்டார்கள் என்று வரலாற்றாசிரியர் லிவி எழுதுகிறார். சாலைக் கற்களைச் சாந்து வைத்துப் பூசும் வழக்கமும் பொதுவாகக் கிடையாது. ரோமானியக் கான்கிரீட் உசத்திதான். அதன் இடம் துறைமுகமும் கட்டடமும்.

கேள்வி: மலையானாலும் வளைக்காமல் நேராகவே போட்டார்களாமே?

பதில்: சமவெளியில் சரி. இங்கிலாந்தில் ஃபாஸ் வே என்ற ரோமானியச் சாலை லிங்கன் நகரிலிருந்து தென்மேற்கே 300 கி.மீ. அளவுக்கு ஓடுகிறது, நேர்கோட்டிலிருந்து சுமார் 10 கி.மீ.க்கு மேல் விலகுவதில்லை. ஆனால் உற்றுப் பார்த்தால் அது ஒரே கோடு இல்லை. மேடுகளில் நின்று குறிபார்த்து, துண்டு துண்டாக நேர்கோடு போட்டு இணைத்திருக்கிறார்கள். ஆல்ப்ஸ் மலையில் சாலை ஆற்றோரமாகப் போகிறது, வளைகிறது, முடியாத இடத்தில் பாறையைக் குடைகிறது. அங்கே இத்தாலியப் பக்கம் டோன்னாஸ் என்ற ஊரில் 200 மீட்டருக்கும் மேல் பாறையைச் செதுக்கி வழி செய்திருப்பதை இன்றும் பார்க்கலாம்.

கேள்வி: ரோமானிய ரதத்தின் சக்கர அகலம்தான் இன்றைய ரயில் தண்டவாள அகலம், அதுதான் நாசா ராக்கெட்டின் அகலத்தையும் தீர்மானித்தது என்கிறார்களே?

பதில்: நல்ல கதை, அவ்வளவுதான். 1,435 மி.மீ. அகலம் வட இங்கிலாந்தின் நிலக்கரிச் சுரங்கங்களில் குதிரை இழுத்த வண்டிப்பாதையிலிருந்து ரயில் பொறியாளர் ஜார்ஜ் ஸ்டீபன்சன் எடுத்துக்கொண்டது. இரண்டு பக்கமும் சக்கரம் வைத்து நடுவில் குதிரையைப் பூட்டினால், எந்த நாட்டிலும் அகலம் ஏறக்குறைய ஐந்து அடிக்குள் வந்து நிற்கும். இதற்கு ரோமானியர் தேவையில்லை. அதே பிரிட்டனில் கிரேட் வெஸ்டர்ன் ரயில்வே 1892 வரை ஏழடி அகலத் தண்டவாளத்தில் ஓடியது. நம் பிராட்கேஜ் 1,676 மி.மீ., ஊட்டி ரயில் 1,000 மி.மீ.; இவற்றுக்கு எந்த ரதத்தைக் காட்டுவது? தவிர, ரதம் பந்தய மைதானத்து வண்டி. சாலையில் ஓடியவை மாட்டு வண்டியும் கோவேறு கழுதையும். ராக்கெட் பாகத்தை ரயிலில், சுரங்கப்பாதை வழியாகக் கொண்டுபோனது உண்மை, ஆனால் சுரங்கப்பாதையின் அகலம் வேறு, தண்டவாள அகலம் வேறு.

கேள்வி: எல்லாம் அடிமைகள் போட்டதா?

பதில்: படைவீரர்கள் நிறையப் போட்டார்கள். ஒப்பந்தக்காரர்களும் உள்ளூர் மக்களும் போட்டார்கள். அடிமைகளும் தண்டனைக் கைதிகளும் உண்டு.

கேள்வி: சேர நாட்டுத் துறைமுகமான முசிறியில் ஏற்றிய நம் மிளகும் ரோமானியச் சாலை வழியாகத்தான் போனதா? அங்கே டோல் கேட் உண்டா?

பதில்: போனது, ஆனால் நீங்கள் நினைக்கும் கல் சாலையில் இல்லை. கப்பல் எகிப்தின் செங்கடல் துறைமுகமான பெரெனிக்கேயில் இறங்கியது. அங்கிருந்து ஒட்டகத்தில் பாலைவனம் கடந்து நைல் கரையின் கோப்டோஸ், பிறகு படகில் அலெக்சாண்டிரியா, மறுபடி கடல். கோப்டோஸ் பாதைக்கு 12 நாள் பிடிக்கும், வெயிலுக்குப் பயந்து பெரும்பாலும் இரவில் நடப்பார்கள் என்று ரோமானிய எழுத்தாளர் பிளினி எழுதுகிறார். பாதை என்றால், கல்லை ஒதுக்கிச் சுத்தம் செய்த தடம். செலவெல்லாம் வழிநெடுகக் கிணறும் காவல் கோட்டையும் கட்டுவதில் போனது. பேரரசின் மிக லாபகரமான வழிகளில் ஒன்றில் பாவிய கல் ஒன்றுகூடக் கிடையாது.

டோல் உண்டு, அதுவும் தாராளமாக. கி.பி. 90இல் கோப்டோஸில் வைத்த கட்டணக் கல்வெட்டு கிடைத்திருக்கிறது. செங்கடல் மாலுமித் தலைவனுக்கு 8 டிராக்மா (அன்றைய நாணயம்), பாய்மரக் கம்பத்தைச் சுமந்துபோனால் 20 டிராக்மா. ஒட்டகத்துக்குச் சீட்டு 1 ஓபோல் (டிராக்மாவைவிடச் சிறிய காசு). அந்தச் சீட்டில் முத்திரை குத்த இன்னும் 2 ஓபோல். இது போக, இந்தியச் சரக்கின் மதிப்பில் கால் பங்கு சுங்கம்.