மகள் நகைச்சுவை நடிகையாக வேண்டுமாம்: ஸ்வீடனின் மால்மோ நகரில் இருக்கும் ஓர் அம்மாவுக்குப் பதில்

அன்புள்ள அம்மா,

இயற்கை அறிவியல் பிரிவில் நன்றாகப் படிக்கிற பெண் திடீரென்று "நான் காமெடி நடிகையாகப் போகிறேன்" என்றால் எந்த வீட்டிலும் கலக்கம் வரத்தான் செய்யும். "ஒரு படம் ஓடினால் பெயர் வரும், சரி. ஐம்பது வயதில் என்ன செய்வாள்?" என்று கேட்டிருக்கிறீர்கள். முதல் வாய்ப்பு கிடைக்குமா என்று கேட்கிற பெற்றோர்தான் அதிகம். உங்கள் கேள்வி அதைவிட நல்ல கேள்வி.

இதற்கு உங்கள் ஊர்க்காரர் ஒருவரையே எடுத்துக்கொள்வோம். நகைச்சுவை நடிகர் நில்ஸ் போப்பே 1908-இல் மால்மோவில் பிறந்து, வளர்ப்புப் பெற்றோரிடம் வளர்ந்தவர். மேடையில் தொடங்கிப் பிறகு சினிமாவுக்கு வந்தார். 1946-இலேயே ஒரு படத்தைத் தானே இயக்கி நடித்தார். 1948-இல் வந்த 'சோல்டாட் பூம்' அவரை ஸ்வீடன் முழுக்கக் கொண்டுபோய்ச் சேர்த்தது. விதிப்புத்தகத்தை விட்டு இம்மியும் நகராத ரயில்வே ஊழியர் ஃபாபியன் பூம், ராணுவத்துக்குப் போனால் என்ன ஆகும் என்பதுதான் கதை. அப்புறம் வந்த படங்களில் அதே பூம் சுங்கத்துறைக்குப் போனார், 1952-இல் விமானப்படைக்கும் போனார்.

ஒரே வேடத்தில் இப்படி மாட்டிக்கொண்ட நடிகர்கள் எல்லா நாட்டிலும் உண்டு. ஆனால் போப்பேவை 1957-இல் புகழ்பெற்ற ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மன் 'ஏழாவது முத்திரை' படத்தில் நாடோடிக் கலைஞன் யோஃப் ஆக நடிக்க வைத்தார். 1960-இல் இன்னொரு பெர்க்மன் படத்தில் பாதிரியார் வேடம். கொள்ளைநோயும் மரணமும் சூழ்ந்த 'ஏழாவது முத்திரை' படத்தில் பார்க்கிறவர் கொஞ்சம் மூச்சு விடுவதே யோஃபால்தான் என்பது என் எண்ணம். சிரிக்க வைக்கிறவருக்குக் கனமான வேடம் வராது என்று உங்கள் வீட்டில் யாராவது சொன்னால் இந்தப் படத்தைப் போட்டுக் காட்டுங்கள்.

ஆனால் நான் முக்கியமாகப் பார்ப்பது 1966-ஐ. பூம் படங்களின் காலம் முடிந்து பல வருடம் ஆகிவிட்டது, வயதும் 58. அந்தக் கட்டத்தில்தான் ஹெல்சிங்போர்கில் உள்ள ஃப்ரெட்ரிக்ஸ்டால் திறந்தவெளி அரங்கத்தில் கோடைக்கால நாடகங்களைத் தொடங்கினார். தானே முன்னின்று நடத்தினார், தானே நடித்தார். 1990-கள் வரை அது தொடர்ந்தது. அந்த நாடகங்கள் தொலைக்காட்சியிலும் வந்ததால், படங்களைப் பார்த்திராத தலைமுறைக்கும் அவர் முகம் தெரிந்தது. யாராவது கூப்பிடுவார்களா என்று அவர் காத்திருக்கவில்லை. வேலையை உண்டாக்கத் தெரிந்திருந்தது, அவ்வளவுதான்.

அதனால் மகளிடம் "நடிப்பு வேண்டாம்" என்று சொல்லாதீர்கள். "நடிப்போடு வேறு என்ன கற்பாய்?" என்று கேளுங்கள். எழுத்து, இயக்கம், ஒரு குழுவை நடத்துகிற கணக்குவழக்கு, இவற்றில் ஏதாவது ஒன்றாவது கைவர வேண்டும். பத்து நிமிட நகைச்சுவை நாடகம் ஒன்றை அவளே எழுதி, தோழிகளை வைத்து மேடையேற்றட்டும். அந்த வேலை அவளுக்குப் பிடிக்கிறதா, கைதட்டல் மட்டும்தான் பிடிக்கிறதா என்பது அதில் தெரிந்துவிடும்.

படிப்பு விஷயத்துக்கு வருவோம். இப்போதைய பிரிவை விட்டுவிட்டுக் கலைப் பிரிவுக்கு மாற வேண்டிய அவசியம் இல்லை. ஸ்டாக்ஹோம், மால்மோ, கோத்தென்பர்க், லூலியோ ஆகிய நான்கு ஊர்களிலும் அரசு உயர்கல்வியில் மூன்றாண்டு நடிப்புப் படிப்பு இருக்கிறது. அங்கே இடத்தைத் தீர்மானிப்பது மதிப்பெண் அல்ல, பல சுற்றுகளாக நடித்துக் காட்டுகிற தேர்வு. இடங்கள் மிகக் குறைவு. முதல் தடவையே கிடைத்துவிடும் என்று திட்டம் போடாதீர்கள், பல வருடம் திரும்பத் திரும்ப முயன்று உள்ளே போனவர்களும் உண்டு. இடையில் ஃபோல்க்ஹோக்ஸ்கோலா எனப்படும் வயதுவந்தோருக்கான மக்கள் கல்விப் பள்ளிகளில் ஓரிரு வருட நாடகப் பயிற்சி எடுக்கலாம். அங்கே கல்விக் கட்டணமும் கிடையாது. அறிவியல் பிரிவை முடித்து வைத்திருந்தால், பின்னால் மனம் மாறினாலும் பொறியியலுக்கு விண்ணப்பிக்கலாம்.

ஒரு கணக்கை மட்டும் இப்போதே போட்டு வையுங்கள். மேல்நிலைக்குப் பிந்தைய படிப்புக்கு ஸ்வீடனின் மாணவர் நிதியுதவி அமைப்பான சி.எஸ்.என். தருகிற உதவித்தொகையும் கடனும் மொத்தம் 240 வாரங்களுக்குத்தான், அதாவது சுமார் ஆறு வருடம். நாடகப் பயிற்சியும் மேல்நிலைக்குப் பிந்தைய படிப்பாகக் கணக்கிடப்பட்டால் அந்த வாரங்களும் இதில் கழியும். இரண்டு வருடப் பயிற்சி, மூன்று வருட நடிப்புப் படிப்பு என்று போனால், பிறகு வேறு துறைக்கு மாற ஒரு வருடத்துக்கான உதவிதான் மிஞ்சும். எந்தப் பயிற்சி எந்த நிலையில் வருகிறது என்பதைச் சேருமுன் அந்தந்தப் பள்ளியிலேயே கேட்டுக்கொள்ளுங்கள்.