ஜாமீனில் வந்தவர்கள் மிரட்டுகிறார்கள்: போலீஸ் பாதுகாப்பு கேட்டு எங்கே மனு போடுவது?

கேள்வி: பாதைத் தகராறில் என் தம்பியை அரிவாளால் வெட்டிவிட்டார்கள். கொலை முயற்சி வழக்கு நடக்கிறது, நேரில் பார்த்த சாட்சி நான். ஜாமீனில் வந்தவர்கள் ராத்திரியில் வீட்டு முன்னால் பைக்கை உறுமவிட்டு, "கோர்ட்டுக்கு வந்து பாரு" என்கிறார்கள். ஹைகோர்ட்டில் பாதுகாப்பு கேட்கலாமா? (வாசகி, திருநெல்வேலி மாவட்டம்)

பதில்: கேட்கலாம், சகோதரி. உங்களுக்கு மதுரைக் கிளை. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 482-ஆவது பிரிவில் போட்டுக்கொண்டிருந்த மனு, 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டமான பிஎன்எஸ்எஸ்ஸின் (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா) 528-இல் வருகிறது. ஆனால் அங்கே போய் நின்றதும் கேட்கப்படும் முதல் கேள்வி, "ஸ்டேஷனில் மனு கொடுத்தீர்களா?" என்பதுதான். வாயால் சொன்னது கணக்கில் வராது. எந்தத் தேதி, எத்தனை மணி, யார் வந்தார், என்ன வார்த்தை சொன்னார், அப்போது தெருவில் யார் இருந்தார் என்று எழுதிக் கொடுத்து சிஎஸ்ஆர் ரசீது (மனுவைப் பெற்றுக்கொண்டதற்கு ஸ்டேஷன் தரும் ரசீது) வாங்குங்கள். வாங்க மறுத்தால் அதே மனுவை எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்பி, தபால் ரசீதைப் பத்திரமாக வையுங்கள். பாதுகாப்பு மனுவுக்கு உயிரே இந்த இரண்டு துண்டுக் காகிதம்தான்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். ஹைகோர்ட் உத்தரவு என்றால் வாசலில் துப்பாக்கியோடு போலீஸ் நிற்கும் என்று பலர் நம்பிப் போகிறார்கள், பெரும்பாலும் கிடைப்பது "மிரட்டல் உண்மையா என்று இன்ஸ்பெக்டர் விசாரித்து, தேவைப்பட்டால் பாதுகாப்பு தர வேண்டும்" என்ற உத்தரவு. நடைமுறையில் அது ராத்திரி ரோந்தாகவும், வீட்டில் வைத்த பட்டா நோட்டில் (நிலப் பட்டா இல்லை, ரோந்து வந்ததைக் குறிக்கும் நோட்டு) காவலர் போடும் கையெழுத்தாகவும் முடியலாம். அதுவும் சும்மா இல்லை, போலீஸ் வந்து போகும் வீடு என்று தெரிந்தாலே பைக் சத்தம் குறையும்.

ஆனால் உங்கள் நிலைமைக்கு நான் முதலில் சொல்வது சாட்சிப் பாதுகாப்புத் திட்டம். 2018 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் ஏற்று, நாடு முழுக்கச் சட்டம்போலவே செல்லும் என்று சொன்ன திட்டம் இது. மாவட்ட நீதிபதி தலைமையிலான குழுவிடம் மனு கொடுக்க வேண்டும். டி.எஸ்.பி. அந்தஸ்து அதிகாரி 5 வேலை நாளில் மிரட்டல் எவ்வளவு பெரியது என்று அறிக்கை தர வேண்டும், அவசரம் என்றால் அதற்கு முன்பே இடைக்காலப் பாதுகாப்புக்கு உத்தரவிடலாம். சின்ன அடிதடி வழக்குக்கு இது பொருந்தாது. கொலை முயற்சிக்குப் பொருந்தும். இவ்வளவு நல்ல ஏற்பாடு இருந்தும் கேட்பவர்கள் குறைவு என்பதுதான் எனக்கு ஆற்றாமை.

அப்புறம், ஜாமீன் உத்தரவின் நகலை வாங்கிப் படியுங்கள். சாட்சியை மிரட்டக் கூடாது என்று நிபந்தனை இருந்தால் அதை மீறிவிட்டார்கள், ஜாமீனை ரத்து செய்யச் சொல்லி அதே புதிய சட்டத்தின் 483(3)-இல் நீங்களே செஷன்ஸ் கோர்ட்டில் மனு போடலாம். சாட்சியை மிரட்டுவது தனிக் குற்றமும்கூட, அதற்குப் புது எஃப்ஐஆர் கேளுங்கள்.

பாதை யாருக்குச் சொந்தம் என்ற பேச்சை இந்த மனுக்களில் கொண்டுவராதீர்கள். "இது சிவில் விவகாரம்" என்று தள்ளிவிட அது ஒன்று போதும். வக்கீல் வைக்கக் காசில்லை என்றால், பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு, 15100-க்குப் பேசுங்கள்.

இன்று ராத்திரியே வந்தால் 112-ஐ அழையுங்கள், அழைத்த நேரத்தைக் காலண்டரில் குறித்து வையுங்கள்.